எலும்பை வெட்டித் திருத்துவதா, மூட்டை மாற்றுவதா?

முழங்காலின் உள்பக்கம் மட்டும் தேய்ந்து, கால் வில்லாக வளையத் தொடங்கிய ஒருவர் 50 வயதையொட்டி எலும்பு டாக்டரிடம் போனால் மூன்று பெயர்களோடு திரும்பி வருவார். ஹை டிபியல் ஆஸ்டியோடமி (எலும்பை வெட்டித் திருத்துவது), யூனிகம்பார்ட்மென்டல் ஆர்த்ரோபிளாஸ்டி (பாதி மூட்டு மாற்று), டோட்டல் நீ ஆர்த்ரோபிளாஸ்டி (முழு மூட்டு மாற்று). வீட்டில் கேட்டால், "ஒன்றில் எலும்பை வெட்டுவார்களாம், மற்ற இரண்டில் மூட்டை மாற்றுவார்களாம்" என்பார். வெட்டுவது என்றதும் பயம் வருகிறது. மாற்றுவது என்றால் பழசு போய்ப் புதுசு வரப்போகிறது என்று ஒரு நிம்மதி. ஆனால் எலும்பை அதிகம் இழப்பது மூட்டு மாற்றில்தான். முழு மாற்று மூட்டு பொருத்தத் தொடை எலும்பின் நுனியிலிருந்தும் கீழ்க்கால் எலும்பின் தலையிலிருந்தும் 8, 10 மில்லிமீட்டர் அளவுக்கு ரம்பத்தால் அறுத்து எடுத்துவிடுவார்கள். 'எலும்பு வெட்டு' என்று பெயர் வாங்கிய ஆஸ்டியோடமியின் இன்றைய வழக்கமான முறையில் எடுப்பது எதுவும் இல்லை. வெட்டுகிறார்கள், கோணத்தை மாற்றுகிறார்கள், கூட விடுகிறார்கள்.

அதனால் பெயரைச் சரியாகப் படித்துவிட்டு ஒப்பிடுவதே நல்லது.

இந்தப் பெயர்களில் பெரும்பாலானவை கிரேக்கத்திலிருந்து வந்தவை. முன்பாதி இடத்தைச் சொல்லும், பின்பாதி அங்கே செய்யப்போகும் வேலையைச் சொல்லும். ஆஸ்டியோ எலும்பு, ஆர்த்ரோ மூட்டு, கோண்ட்ரோ குருத்தெலும்பு. முடிவெடுக்கிறவருக்குப் பயன்படுவது பின்பாதி. டமி என்று முடிந்தால் வெட்டு, அவ்வளவுதான். அனாட்டமியில் இருப்பதும், சி.டி. ஸ்கேனின் 'டி' குறிக்கும் டோமோகிராஃபியில் இருப்பதும் இதே வேர்தான். எக்டமி என்றால் வெட்டி வெளியே எடுப்பது. குடல்வாலை எடுக்கும் அப்பெண்டிசெக்டமி எல்லோருக்கும் தெரிந்தது. ஸ்டமி என்றால் வழி திறந்துவிடுவது. பிளாஸ்டி சீரமைப்பது, டெசிஸ் பிணைத்துவிடுவது, ஸ்கோப்பி கேமராவை உள்ளே விட்டுப் பார்ப்பது.

ஓர் அசை மாறினாலும் விஷயம் தலைகீழாகிவிடும். ஆர்த்ரோசென்டெசிஸ் என்றால் ஊசி குத்தி மூட்டில் கட்டிய நீரை உறிஞ்சி எடுப்பது; முடித்துவிட்டு நடந்தே வீட்டுக்குப் போகலாம். ஆர்த்ரோடெசிஸ் என்றால் அந்த மூட்டு இனி அசையவே அசையாதபடி எலும்போடு எலும்பைச் சேர்த்துவிடுவது. அவசரமாகச் சொல்லும்போது இரண்டும் காதில் ஒன்றுபோலத்தான் விழும். முதுகுத்தண்டில் லேமினாட்டமி என்றால் எலும்புத் தகட்டில் சிறு திறப்பு. லேமினெக்டமி என்றால் தகட்டையே எடுப்பது.

பெயரை நம்ப முடியாத இடங்களும் உண்டு. பிளாஸ்டி என்ற சொல் 'மாற்றுவது' என்று எங்கும் சொல்லவில்லை. ஆஞ்சியோபிளாஸ்டியில் ரத்தக்குழாயை யாரும் மாற்றுவதில்லை. ஆனால் முழங்கால், இடுப்பு விஷயத்தில் ஆர்த்ரோபிளாஸ்டி என்று எழுதினால் இன்றைக்கு அதற்கு உலோகமும் பிளாஸ்டிக்கும் வைத்த செயற்கை மூட்டு என்றுதான் அர்த்தம். ஆஸ்டியோடமியிலும் ஒரு கண்ணி இருக்கிறது. ஃபிபுலா என்ற மெல்லிய பக்கவாட்டு எலும்பில் ஒரு சிறு துண்டை வெட்டி எடுக்கும் முறை ஒன்று கடந்த சில ஆண்டுகளாகப் பரவியது. அதையும் 'ஃபிபுலர் ஆஸ்டியோடமி' என்றே எழுதுகிறார்கள், துண்டை எடுத்துவிடுவதால் பெயர்ப்படி அது எக்டமி ஆகியிருக்க வேண்டும். சின்ன ஆபரேஷன், செலவும் குறைவு என்பதால் ஆசை வரும். நீண்டகாலப் பலனுக்கு வலுவான சான்று இல்லை, என் ஒப்பீட்டில் அதைச் சேர்க்கவும் இல்லை. தாளில் வெறும் ஆஸ்டியோடமி என்று இருந்தால் எந்த எலும்பு என்று கேட்டுவிடுங்கள்.

மூன்று வழிகள், மூன்று கணக்குகள்

இடுப்பு மூட்டின் மையத்திலிருந்து கணுக்காலின் மையம் வரை நேர்கோடு ஒன்று போட்டால், ஆரோக்கியமான காலில் அது முழங்காலின் நடுவையொட்டிப் போகும். கால் வெளிப்பக்கமாக வில் போல வளைந்தவருக்கு அந்தக் கோடு உள்பக்கத்துக்கு நகர்ந்துவிடுகிறது. சாதாரணக் காலிலேயே சுமையில் பாதிக்கு மேல் உள்பக்கத்தில்தான் இறங்குகிறது. வளைந்த காலில் இன்னும் கூடும். சாய்த்து நடக்கிறவரின் செருப்பு ஒரு பக்கம் மட்டும் தேய்வதைப் போல, உள்பக்கக் குருத்தெலும்பு கரைகிறது. கரையக் கரைய வளைவு கூடுகிறது, வளைவு கூடக் கூட இன்னும் வேகமாகக் கரைகிறது.

ஆஸ்டியோடமி இந்தச் சுழற்சியில் கோட்டைத் தொடுகிறது. தேய்ந்த இடத்தை அது தொடுவதே இல்லை. முழங்காலுக்குச் சற்றுக் கீழே, டிபியா என்ற பெரிய எலும்பின் உள்பக்கத்திலிருந்து வெளிப்பக்கம் நோக்கி முதலில் மெல்லிய கம்பிகளைச் செலுத்தி, எக்ஸ்ரே திரையில் பாதை சரியா என்று பார்க்கிறார்கள். அந்தப் பாதையில் ரம்பம் போகிறது. ஆனால் எலும்பை முழுசாக அறுத்துவிடுவதில்லை. வெளிப்பக்கத்தில் ஏறக்குறைய ஒரு சென்டிமீட்டரை விட்டுவைக்கிறார்கள், அதுதான் கீல். பிறகு உளிகளை ஒன்றன்மேல் ஒன்றாகச் செருகி, இடைவெளியை மெல்ல மெல்லத் திறக்கிறார்கள். அவசரப்பட்டால் அந்தக் கீல் உடையும். ஏறக்குறைய ஒரு மில்லிமீட்டர் திறந்தால் ஒரு டிகிரி திருத்தம் என்பது கைக்கணக்கு. கோடு சரியான இடத்துக்கு வந்துவிட்டதா என்று பார்க்க, ரத்தக்கசிவை அடைக்கும் மின்கருவியின் ஒயரையே இடுப்பிலிருந்து கணுக்கால் வரை இழுத்துப் பிடித்து எக்ஸ்ரே எடுக்கிற வழக்கமும் உண்டு. இவ்வளவு நுணுக்கமான வேலைக்கு நடுவே அந்த ஒயர் எனக்குப் பிடித்த காட்சி. அப்புறம் பிளேட், ஸ்க்ரூ. இடைவெளி பெரிதாக இருந்தால் எலும்புத் துணுக்கோ செயற்கை நிரப்பியோ வைப்பார்கள்.

கோட்டை எங்கே கொண்டுபோய் நிறுத்துவது என்பதில்தான் வெற்றி தோல்வி. உள்விளிம்பிலிருந்து அளந்தால் முழங்காலின் அகலத்தில் சுமார் 62 சதவீதம் தள்ளி என்பது 1979இல் வந்த ஜப்பானிய ஆய்விலிருந்து வழங்கும் கணக்கு. ஃபுஜிசாவா புள்ளி என்பார்கள். இப்போது பலர் அதைவிடக் கொஞ்சம் குறைவாகவே திருத்துகிறார்கள். போதாமல் திருத்தினால் வலி திரும்பும். மிகையானால் வெளிப்பக்கம் தேயத் தொடங்கும், முட்டி உள்ளே சாய்ந்த தோற்றமும் வந்துவிடும்.

பாதி மூட்டு மாற்று, அதாவது யூனிகம்பார்ட்மென்டல், தேய்ந்த அறையை மட்டும் எடுத்துவிட்டு அங்கே உலோகமும் பிளாஸ்டிக்கும் வைக்கிறது. நடுவில் இருக்கும் குறுக்குத் தசைநார்கள் இரண்டும் அப்படியே இருப்பதால், போட்டுக்கொண்டவர்கள் "என் முட்டி மாதிரியே இருக்கிறது" என்று சொல்வதற்கு வாய்ப்பு அதிகம். முழு மாற்றில் முன்பக்கக் குறுக்குத் தசைநாரைப் பொதுவாக எடுத்துவிடுவார்கள். வலியை அது நன்றாகத் தீர்க்கும். ஆனாலும் போட்டவர்களில் ஐந்தில் ஒருவர் அளவில் முழுத் திருப்தி இல்லை என்கிறார்கள். எக்ஸ்ரேயில் எல்லாம் சரியாக இருந்தும் இப்படித்தான்.

வளைவு எங்கே இருக்கிறது?

பல ஒப்பீடுகள் வயதிலிருந்து தொடங்கும். 60க்குக் கீழ் என்றால் ஆஸ்டியோடமி, மேல் என்றால் மாற்று என்று ஒரு கோடு போட்டுவிடுவார்கள். வயது முக்கியம்தான், ஆனால் அதற்கு முன்னால் கேட்க வேண்டிய கேள்வி, அந்த வளைவு எலும்பில் இருக்கிறதா, மூட்டில் இருக்கிறதா என்பது.

சிலருக்கு டிபியாவின் தலையே பிறவியில் அல்லது வளரும்போது உள்பக்கம் சாய்ந்திருக்கும். எலும்பின் நீளவாக்குக் கோட்டுக்கும் அதன் தலையின் மேல்தளத்துக்கும் இடையே உள்பக்கத்தில் அமையும் கோணம் சாதாரணமாக 87 டிகிரியையொட்டி இருக்கும். அது 85க்குக் கீழே போயிருந்தால் வளைவு எலும்பில் இருக்கிறது. அப்படிப்பட்டவருக்கு ஆஸ்டியோடமி மூல காரணத்தையே திருத்துகிறது. இன்னும் சிலருக்கு எலும்பு நேராகத்தான் இருக்கும். உள்பக்கக் குருத்தெலும்பு காணாமல் போனதால் மட்டும் கால் சாய்ந்திருக்கும். நேராக இருக்கிற எலும்பை வெட்டிக் கோணலாக்கி மூட்டின் கோணலை ஈடுகட்டுவது நல்ல கணக்கு இல்லை. அவருக்குத் தொலைந்த அந்தத் தடிமனைத் திருப்பித் தரும் பாதி மாற்று பொருந்தும்.

இதைத் தெரிந்துகொள்ள முட்டியை மட்டும் எடுத்த எக்ஸ்ரே போதாது. இடுப்பு முதல் கணுக்கால் வரை ஒரே படத்தில், நின்றபடி எடுத்த எக்ஸ்ரே வேண்டும். படுத்துக்கொண்டு எடுத்தால் உடல் எடை விழாததால் இடைவெளி நன்றாக இருப்பதுபோலக் காட்டும். அந்த நீளப் படம் இல்லாமலே யாராவது ஆஸ்டியோடமிக்கு நாள் குறித்தால் நான் இன்னொரு டாக்டரைப் பார்ப்பேன்.

வேறு சில நிபந்தனைகளை வேகமாகச் சொல்லிவிடலாம். முடக்குவாதம் போன்ற அழற்சி நோய் இருந்தால் முட்டி முழுவதும் பாதிக்கப்படும், அதனால் ஒரு பக்கத்தை மட்டும் காப்பாற்றும் வேலை பலிக்காது, முழு மாற்றுதான். முன்பக்கத் தசைநார் கிழிந்திருந்தால் பாதி மாற்றில் பல வகைகள் ஒத்துவராது, ஆஸ்டியோடமிக்கு அது தடையில்லை. முட்டி முழுதாக நீட்ட முடியாமல் 15 டிகிரிக்கு மேல் மடங்கியே நின்றால் ஆஸ்டியோடமி பெரும்பாலும் கைவிடப்படும். புகைப்பவருக்கு எலும்பு கூடுவது தாமதமாகும், சிலருக்குக் கூடாமலே போகும். ஆஸ்டியோடமி வேண்டும் என்றால் சிகரெட் வேண்டாம், இதில் பேரம் இல்லை.

எத்தனை நாள், எத்தனை ஆண்டு

குணமாகும் காலத்தில் ஆஸ்டியோடமி தோற்கிறது, அதை மறைக்க வேண்டியதில்லை. மாற்று மூட்டு போட்டவர் அன்றைக்கோ மறுநாளோ முழு எடை வைத்து வாக்கரோடு நிற்பார். ஆஸ்டியோடமி செய்தவர் கால் ஊன்றலாம், ஆனால் சுமார் 6 வாரம் பாதி எடைதான் வைக்க வேண்டும் என்பது வழக்கம். ஸ்க்ரூவோடு பூட்டிக்கொள்ளும் புதிய பிளேட்டுகள் வந்தபிறகு சிலரை முன்னதாகவே நடக்க விடுகிறார்கள். எலும்பு கூட 3 மாதம் முதல் 6 மாதம். உட்கார்ந்து பார்க்கிற வேலை என்றால் ஓரிரு மாதத்தில் திரும்பலாம். சுமை தூக்குகிறவர், ஏணி ஏறுகிறவர் நான்கைந்து மாதத்தை ஒதுக்கி வைக்க வேண்டும். பிளேட் தோலுக்கு அடியில் உறுத்துகிறது என்று ஒன்று ஒன்றரை வருடம் கழித்து அதை எடுக்க இன்னொரு சிறு ஆபரேஷன் செய்துகொள்கிறவர்கள் நிறையப் பேர். இதை முதலிலேயே சொல்லாவிட்டால் பின்னால் கோபம் வரும்.

அந்த மாதங்களைக் கொடுத்தால் கிடைப்பது சொந்த மூட்டு. ஓடலாம், சுமை தூக்கலாம், மண்டியிடலாம், குத்தவைத்து உட்காரலாம்; முன்பு முடிந்தது பெரும்பாலும் முடியும். செயற்கை மூட்டில் ஓட்டமும் குதிப்பும் வேண்டாம் என்றுதான் சொல்வார்கள். முழு மாற்றில் முட்டி சராசரியாக 110, 120 டிகிரி மடங்கும். நாற்காலிக்கும் படிக்கட்டுக்கும் அது தாராளம். தரையில் குத்தவைக்கப் போதாது. மண்டியிடப் பலருக்குப் பிடிக்காமல் போகிறது.

ஆயுள் கணக்கு கொஞ்சம் நுணுக்கமானது. 2019இல் லான்செட் மருத்துவ இதழில் வந்த ஆய்வு ஒன்று, முழு மாற்று மூட்டுகளில் சுமார் 82 சதவீதமும் பாதி மாற்றுகளில் சுமார் 70 சதவீதமும் 25 ஆண்டு தாங்குகின்றன என்றது. கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் இந்தச் சராசரி இளையவருக்குப் பொருந்தாது. அதே இதழில் 2017இல் வந்த பிரிட்டிஷ் கணக்குப்படி, 70 வயதுக்கு மேல் மூட்டு மாற்றியவருக்கு வாழ்நாளில் மறுபடி அறுவை சிகிச்சை தேவைப்படும் வாய்ப்பு 5 சதவீதம் அளவில்தான். 50களின் தொடக்கத்தில் மாற்றிய ஆண்களுக்கு அது 35 சதவீதம். மூன்றில் ஒருவருக்கு மேல். இரண்டாவது தடவை மாற்றுவது முதல் தடவையைப்போல இருக்காது. எலும்பு குறைந்திருக்கும், தண்டு வைத்த பெரிய மூட்டு தேவைப்படலாம், பலனும் குறையும்.

பாதி மாற்றின் 70 சதவீதத்தைப் பார்த்து அதை மட்டமாக எண்ணவும் கூடாது. பாதியை முழுசாக மாற்றுவது ஒப்பீட்டளவில் சுலபம், அதனால் வலி என்று வந்தவுடனே டாக்டர் அந்தக் கதவைத் திறந்துவிடுகிறார். முழு மாற்று போட்டு அதே வலியோடு வருகிறவரிடம் "கொஞ்சம் பொறுத்துப் பாருங்கள்" என்பார். கணக்கில் முதலாவது தோல்வி, இரண்டாவது வெற்றி. 528 பேரைக் கொண்ட பிரிட்டிஷ் ஒப்பீட்டுச் சோதனை ஒன்றில், 5 ஆண்டு முடிவில் இரண்டும் நோயாளியின் அனுபவத்தில் ஏறக்குறைய சமமாகவே வந்தன. செலவில் பாதி மாற்று லாபம்.

ஆஸ்டியோடமிக்கு, 10 ஆண்டு கழித்தும் மாற்று மூட்டு போடாமல் இருப்பவர்கள் நான்கில் மூன்று பேரோ அதற்கு மேலோ என்பது பல ஆய்வுகளில் வரும் அளவு. இதைத் தோல்வி விகிதமாகப் படிக்காமல் தவணையாகப் படிக்க வேண்டும். 45 வயதுக்காரர் 57 வரை தள்ளிப்போட்டுவிட்டு அப்போது முழு மாற்று போட்டால், அந்த மூட்டு அவர் ஆயுளுக்கும் போதுமாக இருக்க வாய்ப்பு அதிகம். வரிசையும் ஒருவழிப்பாதை: ஆஸ்டியோடமிக்குப் பின் மாற்று மூட்டு போடலாம், மாற்று மூட்டு போட்டபின் சொந்த மூட்டுக்குத் திரும்ப வழியில்லை. பழைய வடு, பிளேட், சற்றே கீழிறங்கிய முட்டிச்சில் எல்லாம் சேர்ந்து அந்த இரண்டாவது ஆபரேஷனைக் கொஞ்சம் சிரமமாக்கும் என்பது உண்மை. கொஞ்சம்தான்.

இந்த முறை ஒன்றும் புதுசு இல்லை. கிளாஸ்கோவில் ரிக்கெட்ஸ் நோயால் கால் கோணிப்போன ஏராளமான குழந்தைகளுக்கு வில்லியம் மெக்யூவன் 1870களில் உளியால் எலும்பை வெட்டி நேராக்கினார். ஜோசப் லிஸ்டரிடம் படித்தவர் அவர். கிருமிநாசினி முறை கைவந்ததால்தான் எலும்பை வெட்டியும் சீழ் பிடிக்காமல் காப்பாற்ற முடிந்தது. முழங்கால் தேய்மானத்துக்கு இதைப் பரவலாக்கியவர்களில் 1960களில் அமெரிக்காவின் மார்க் கவென்ட்ரி முக்கியமானவர். அவர் வெளிப்பக்கத்தில் ஓர் ஆப்பு வடிவ எலும்பை எடுத்துவிட்டு மூடினார். அந்தப் பழைய முறையில் கால் சற்றுக் குட்டையாகும், பாதத்தைத் தூக்கும் நரம்புக்கும் ஆபத்து உண்டு. இன்றைக்கு உள்பக்கம் திறக்கும் முறையே அதிகம். செயற்கை முழங்கால்கள் 1970களிலிருந்து நன்றாக வரத் தொடங்கியதும் ஆஸ்டியோடமி ஒதுங்கிப்போனது. புது பிளேட்டுகள் வந்து அதை மீட்டன.

இடுப்பிலும் இதே போட்டி உண்டு. கிண்ணம் ஆழமில்லாமல் பிறந்த இளம் வயதினருக்கு, சுவிட்சர்லாந்தின் பெர்ன் நகரில் ரைன்ஹோல்ட் கன்ஸ் 1984இல் தொடங்கிய முறையில் கிண்ணத்தைச் சுற்றி வெட்டித் திருப்பி வைப்பார்கள். குருத்தெலும்பு நல்ல நிலையில் இருக்கும்போதே செய்ய வேண்டும். தேய்ந்தபிறகு மாற்று இடுப்பே மேல். கால் பெருவிரல் எலும்பு துருத்தினால் செவ்ரான், ஸ்கார்ஃப் என்பவை வெட்டித் திருத்துபவை, லாபிடஸ் மூட்டைப் பிணைப்பது. ஆள் பெயர், வடிவப் பெயர் மட்டும் எழுதியிருந்தால் 'டமி'யா 'டெசிஸ்'ஸா என்று கேட்டே ஆக வேண்டும்.

நான்காவதாக ஒரு பெயரும் அடிபடும்: ஆர்த்ரோஸ்கோப்பி. சின்னத் துளை போட்டு உள்ளே கழுவிவிடுவது. 2002இல் 180 பேரிடம், சிலருக்கு நிஜமாகவும் சிலருக்கு வெறும் தோல் கீறலோடும் செய்து பார்த்தார்கள். வலியில் வித்தியாசமே இல்லை. தேய்மானத்துக்கு மட்டும் என்றால் அது வேண்டாம். எடைக் குறைப்பும் தொடைத்தசைப் பயிற்சியும் அதைவிட மேல்: ஒரு கிலோ குறைந்தால் ஒவ்வோர் அடிக்கும் முழங்காலில் விழும் சுமை நான்கு கிலோ அளவுக்குக் குறைகிறது. முட்டியின் உள்பக்கச் சுமையை இறக்கும் பிரேஸ் ஒன்றைச் சில வாரம் போட்டுப் பார்க்கலாம். அதில் வலி நன்றாகக் குறைந்தால், கோட்டை நகர்த்துவது உங்களுக்கு வேலை செய்யும் என்பதற்கு அது ஒரு முன்னோட்டம்.

என்னைக் கேட்டால்: 50க்குக் கீழ், உடல் உழைப்பு, எலும்பில் வளைவு, வெளிப்பக்கம் சுத்தம் என்றால் ஆஸ்டியோடமி. 65க்கு மேல், முட்டி முழுக்கத் தேய்வு என்றால் முழு மாற்று. இந்த இரண்டிலும் பெரிய சண்டை இல்லை. இழுபறி எல்லாம் 55, 60 வயதில் உள்பக்கம் மட்டும் எலும்போடு எலும்பு உரசுகிறவருக்குத்தான். குருத்தெலும்பு முழுதாகப் போனபின் ஆஸ்டியோடமியின் பலன் குறைவதால் நான் பாதி மாற்றின் பக்கம் சாய்வேன், ஒரு நிபந்தனையோடு. பாதி மாற்றை வருடத்துக்கு ஒன்றிரண்டு மட்டும் செய்கிறவர்களிடம் மறு அறுவை சிகிச்சை அதிகம் என்பதை மூட்டு மாற்றுப் பதிவேடுகள் திரும்பத் திரும்பக் காட்டுகின்றன. ஆஸ்டியோடமியிலும் கை பழகியவருக்கும் பழகாதவருக்கும் வித்தியாசம் அந்த ஒரு சென்டிமீட்டர் கீலிலேயே தெரிந்துவிடும். எனவே "டாக்டர், இதை நீங்கள் வருடத்துக்கு எத்தனை செய்கிறீர்கள்?" என்று கேளுங்கள். பதில் சொற்பமாக இருந்தால், அவர் அதிகம் செய்கிற ஆபரேஷன் எது, உங்களுக்கு அது ஏன் பொருந்தும் அல்லது பொருந்தாது என்று அந்த நீள எக்ஸ்ரேயை வைத்தே விளக்கச் சொல்லுங்கள்.